குவாரி வேட்டும் கட்டிலுக்கு அடியில ஒரு பையனும்

ஊத்தங்கரை பக்கம் இலங்கைத் தமிழர் முகாம்ல ஃப்ரெண்டு வீட்ல உக்காந்திருந்தேன், மத்தியானம் கல்குவாரில வேட்டு வெச்சாங்க. நமக்கு அது பழகின சத்தம். ஆனா அவளோட அம்மம்மா படக்குன்னு செவுத்தோரம் ஒட்டிக் குந்திட்டாங்க, அம்மா கேஸ ஆஃப் பண்ணிட்டாங்க, அவளோட நாலு வயசு பையன் ஓடிப்போய் கட்டிலுக்கு அடியில பூந்துட்டான். அம்மம்மா 1990ல படகுல வந்தவங்க. பையன் பொறந்தது இங்கதான், குண்டு சத்தமே கேட்டதில்ல. அப்ப அந்த பயம் எங்கிருந்து வந்துச்சு?

பெரும்பாலும் பாத்துப் பழகினதுதான். ஒரு வயசு ஆகுறப்பவே குழந்தைங்க எது ஆபத்துன்னு பெரியவங்க மூஞ்சிய பாத்துதான் முடிவு பண்ணும். வாயத் திறந்து போர்க்கதை சொல்லவே வேணாம்.

இன்னொரு வழி வயித்துக்குள்ளயே இருக்கு, அம்மா படுற கஷ்டம் பிள்ளை மேலயும் தடம் விடலாம். ரெண்டாம் உலகப் போர்ல, 1944-45 குளிர்காலத்துல ஜெர்மன் படை நெதர்லாந்தோட மேற்குப் பக்கத்துக்கு சாப்பாடு போகாம தடுத்துச்சு, ரேஷன் ஒரு நாளைக்கு ஆயிரம் கலோரிக்கும் கீழ போச்சு. அப்ப கரு உண்டானவங்களோட பிள்ளைங்கள 60 வருஷம் கழிச்சு, கூடப் பொறந்தவங்களோட ஒப்பிட்டு டெஸ்ட் பண்ணி 2008ல ரிசல்ட் போட்டாங்க. வளர்ச்சிக்கான ஐஜிஎஃப்2ங்கிற ஜீன் மேல மெத்தில்னு ஒரு வேதிக்குறி ஒட்டியிருக்கும், அது இவங்களுக்கு கொறைவா இருந்துச்சு. ஜீன் எழுத்து மாறல, அது எவ்ளோ வேலை செய்யணும்னு சொல்ற குறிதான் மாறிருக்கு.

என்னை ரொம்ப உலுக்கினது இதுதான்: பொம்பளப்புள்ள வயித்துல இருக்குறப்பவே அதோட கருமுட்டைங்க உருவாகிடும், அஞ்சு மாசத்துல 60, 70 லட்சம் இருக்கும். அப்ப அம்மம்மா மாசமா பதுங்குகுழில கெடந்தப்ப வயித்துல மக, அந்த மகளுக்குள்ள என் ஃப்ரெண்டா ஆகப்போற முட்டை, மூணு தலைமுறையும் ஒரே குழிக்குள்ள.

அதுக்காக பயம் ரத்தத்துலயே வருதுன்னு சொல்லிடக் கூடாது. கரு உருவாகுறப்ப இந்த குறிங்கள்ல பெரும்பாலானது அழிஞ்சிடும், எலில சில குறி அடுத்த தலைமுறைக்கும் தாண்டிப் போறத பாத்திருக்காங்க, மனுஷங்கள்ல அது இன்னும் நிரூபணம் ஆகல. என்னைக் கேட்டா இப்ப நடக்குறதுதான் பெருசு. 1987 ஜூலைக்கு அப்புறம் இங்க பொறந்தாலும் அப்பா அம்மால ஒருத்தராவது இந்தியக் குடிமகனா இருந்தாதான் குடியுரிமை, 2004 டிசம்பருக்கு அப்புறம் பொறந்திருந்தா இன்னொருத்தர் சட்டவிரோதமா வந்தவரா இருக்கவும் கூடாது. அதனால அந்த வீட்ல எல்லா பேப்பரும் ஒரு பையில போட்டு கதவு பக்கத்துலயே மாட்டியிருக்கும், எப்ப யாரு கேப்பாங்கன்னு தெரியாது. அந்த டென்ஷனையும் பையன் தெனம் பாக்குறான்ல.

வேட்டு ஓஞ்சதும் அம்மம்மா குனிஞ்சு "ஒண்டுமில்லை பிள்ளை, வெளியில வா"ன்னாங்க. அவன் உடனே வரல, கொஞ்ச நேரம் அவங்க மூஞ்சியவே பாத்துட்டு இருந்தான், அப்புறம்தான் வந்தான்.