மசாக்கர் = படுகொலை

மசாக்கர் (massacre) என்ற ஆங்கிலச் சொல்லைச் சிலர் தமிழில் 'இனப்படுகொலை' என்று எழுதுகிறார்கள். அது தவறு. ஓர் இனத்தையே அழிக்கும் எண்ணத்தோடு செய்வதுதான் இனப்படுகொலை, அதற்கு ஆங்கிலத்தில் ஜெனோசைட் என்று தனிச்சொல் உண்டு. தப்பிக்க வழியில்லாத பலரை ஒரே இடத்தில் கொன்றுபோடுவது மசாக்கர். பிரெஞ்சிலிருந்து ஆங்கிலத்துக்கு வந்த சொல், பழைய பிரெஞ்சில் ஆடுமாடு வெட்டும் இடத்துக்கும் இதே பெயர்தான்.

தமிழில் படுகொலை. படுபாவி என்கிறோமே, அதே 'படு'. ஜாலியன்வாலா பாக் படுகொலை என்று பள்ளிக்கூடத்திலேயே படித்திருக்கிறோம்.

சரி, எத்தனை பேர் செத்தால் படுகொலை? அமெரிக்காவின் ஒஹையோ மாநிலத்தில் இருக்கும் கென்ட் மாநிலப் பல்கலைக்கழகத்தைப் பற்றிப் பேச்சு வந்தாலே இந்தக் கேள்வியும் வரும். வியட்நாம் போரின் தொடர்ச்சியாகக் கம்போடியாவுக்குள்ளும் படை போகிறது என்று அமெரிக்க அதிபர் நிக்சன் 1970 ஏப்ரல் 30 அன்று அறிவித்தார், மாணவர்கள் கொதித்தெழுந்தார்கள், மே 2 இரவு வளாகத்தில் ராணுவப் பயிற்சிக் கட்டடம் எரிந்தது, மாநில அரசின் படையான ஒஹையோ தேசியக் காவல்படை உள்ளே வந்தது. மே 4 மதியம் 28 வீரர்கள் 13 விநாடிகளில் அறுபதுக்கும் மேற்பட்ட குண்டுகளைச் சுட்டார்கள். 4 மாணவர்கள் செத்தார்கள், 9 பேர் காயமடைந்தார்கள், அதில் ஒருவருக்கு இடுப்புக்குக் கீழே செயல் இழந்தது. செத்த நால்வரில் ஒருவர்கூட சுட்டவர்களிடமிருந்து 250 அடிக்குள் இல்லை. அவர்களில் ஒருவரான சாண்ட்ரா ஷூயர் போராட்டத்திலேயே இல்லை, வகுப்புக்கு நடந்து போய்க்கொண்டிருந்தார். பதினோரு நாள் கழித்து மிசிசிப்பியின் ஜாக்சன் மாநிலக் கல்லூரியில் போலீஸ் சுட்டு இன்னும் 2 பேர் செத்தார்கள். கறுப்பின மாணவர்களின் கல்லூரி அது, அதைப் பற்றிப் பேசுகிறவர்கள் இன்றைக்கும் குறைவு.

நான்கு பேர்தானே என்பவர்களுக்கு ஒன்று. 1770-இல் பாஸ்டனில் பிரிட்டிஷ் வீரர்கள் சுட்டுச் செத்தவர்கள் 5 பேர். அதற்கு 'பாஸ்டன் மசாக்கர்' என்று பெயர் வைத்தது அமெரிக்கர்களேதான்.

நம் செய்திகளில் பெரும்பாலும் 'துப்பாக்கிச் சூட்டில் 4 பேர் பலி' என்றுதான் வரும். சுட்டது யார் என்பது அந்த வரியிலேயே இல்லை. கென்டிலும் இதே கதைதான். அந்தச் சூடு தேவையற்றது, மன்னிக்க முடியாதது என்று நிக்சனே அமைத்த ஆணையம் சொன்னது, ஆனாலும் சுட்டவர்களில் ஒருவருக்கும் தண்டனை கிடைக்கவில்லை. காயமடைந்தவர்களும் செத்தவர்களின் குடும்பத்தாரும் போட்ட வழக்கை 1979-இல் 6,75,000 டாலர் கொடுத்து முடித்தபோது பிரதிவாதிகள் கையெழுத்திட்ட அறிக்கையில் அந்த நாளுக்குப் போட்ட பெயர் 'துயரம்'. வெள்ளத்துக்கும் அதே சொல்லைத்தான் போடுவோம். நான் படுகொலை என்றே எழுதுகிறேன்.