டிஎல்எல்லைத் தமிழில் எப்படிச் சொல்வது?

போன மாதம் இலங்கை மலையகத்தில் பொகவந்தலாவைப் பக்கம் தேயிலைத் தோட்டத்தில் இருக்கும் சித்தப்பா மகன் போன் எடுத்தான். "அண்ணே, கம்ப்யூட்டர்ல இடம் பத்தலன்னு டிஎல்எல்னு முடியிற பைலயெல்லாம் அழிச்சிட்டேன், இப்ப ரெண்டு மூணு மென்பொருள் தொறக்கவே மாட்டேங்குது." தட்டிப் பார்த்தால் படமும் வராது, பாட்டும் வராது, அதனால் குப்பை என்று நினைத்துவிட்டான். இந்தக் கோப்பின் பெயரை அவனுக்கு யாராவது தமிழில் ஒழுங்காகச் சொல்லியிருந்தால் கை வைத்திருக்க மாட்டான் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

டிஎல்எல் (.dll) என்பது டைனமிக் லிங்க் லைப்ரரி என்பதன் சுருக்கம், பல மென்பொருள்கள் எடுத்துப் பயன்படுத்தும் நிரல் துண்டுகளைச் சேர்த்து வைத்திருக்கும் கோப்பு. லைப்ரரிக்கு வேர் லத்தீனில் 'லிபெர்', அதாவது மரத்தின் உட்பட்டை. பட்டையில் எழுதியதால் அதுவே புத்தகத்துக்கும் பெயரானது. நமக்கு நூல் என்றால் பஞ்சில் திரித்த இழையும்தான், எழுதிய நூலும்தான். பஞ்சைச் சொல்லுக்கும் இழையைப் பனுவலுக்கும் ஒப்பிட்டு நன்னூல் இதை அழகாகச் சொல்கிறது. அகம் சேர்ந்தால் நூலகம். கணினிக்குள் இந்தச் சொல் வந்த கதை எனக்கு மிகவும் பிடிக்கும். 1949இல் கேம்பிரிட்ஜில் ஓடத் தொடங்கிய எட்சாக் கணினிக்கு, அடிக்கடி தேவைப்படும் கணக்கு வேலைகளைத் துளையிட்ட காகித நாடாக்களில் எழுதிச் சேர்த்து வைத்தார்கள், யாருக்கு எது வேண்டுமோ அதைத் தன் நிரலின் நாடாவில் நகலெடுத்துக்கொள்வார்கள், அந்தச் சேமிப்புக்குத்தான் நூலகம் என்று பெயர்.

ஆனால் அது நகலெடுக்கும் முறை. பத்து நிரல் என்றால் பத்து நகல். டைனமிக் என்ற சொல் வருவது இங்கேதான். கிரேக்கத்தில் அதற்கு வேர் ஆற்றல் என்ற பொருளுள்ள சொல், ஆனால் கணினியில் அதற்கு 'ஓடும்போது நடப்பது' என்று பொருள். மென்பொருளை உருவாக்கும்போதே நூலகத்தை உள்ளே தைத்துவிடாமல், அது ஓடத் தொடங்கும்போதோ ஓடிக்கொண்டிருக்கும்போதோ கோப்பைத் தேடி எடுத்து இணைத்துக்கொள்கிறது.

தம்பிக்கு நான் சொன்னது பீலிக் கதை. பீலி என்றால் தோட்டத்தில் தண்ணீர் விழும் குழாய். லயத்தில், அதாவது தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீடுகளில், வீட்டுக்கு வீடு கிணறு வெட்டுவதில்லை, மலையில் இருந்து வரும் தண்ணீருக்கு ஒரு பீலி வைத்தால் இருபது வீடும் அங்கேதான் குடம் வைக்கும். டிஎல்எல்லும் அப்படித்தான், நினைவகத்தில் ஒரே பிரதி இருந்தால் பல மென்பொருள்கள் அதைப் பயன்படுத்தலாம், பிழை இருந்தால் ஒரே இடத்தில் திருத்தலாம். ஆனால் ஒருவர் தன் வாளிக்குத் தோதாகப் பீலியை மாற்றி வைத்தால் மற்ற வீட்டுக் குடங்களில் தண்ணீர் விழாதே? பழைய விண்டோஸில் அதுதான் நடந்தது, புதிதாக நிறுவிய ஒரு மென்பொருள் பொதுக் கோப்பின் மேல் தன் பதிப்பை எழுதிவிட, வேறு மென்பொருள்கள் படுத்துவிடும். அதற்கு 'டிஎல்எல் நரகம்' என்றே பெயர் வைத்தார்கள்.

சரி, எதைத் தொடலாம், எதைத் தொடக்கூடாது? அதற்குக் கோப்பு எந்த இடத்தில் இருக்கிறது என்று பாருங்கள். விண்டோஸ் கோப்புறைக்குள் சிஸ்டம்32இல் இருக்கும் கெர்னல்32, யூசர்32 போன்றவை பணிசெயல் முறைமையின், அதாவது விண்டோஸின், சொந்தக் கோப்புகள், தொடவே கூடாது. (64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32க்குள் 64 பிட் கோப்புகளும், சிஸ்வாவ்64க்குள் 32 பிட் கோப்புகளும் இருக்கும், பெயரைப் பார்த்து ஏமாறாதீர்கள்.) மென்பொருளின் சொந்தக் கோப்புறையில் இருப்பவை பெரும்பாலும் அதற்கு மட்டும் உரியவை, அந்த மென்பொருளை முறையாக நீக்கினால் கூடவே போகும். மூன்றாவது வகை, எம்எஸ்விசிபி140 மாதிரிப் பல மென்பொருள்களுக்கும் ஓடும்போது தேவைப்படும் பொதுக் கோப்புகள். லினக்ஸில் இதே வேலையைச் செய்யும் கோப்பு .எஸ்ஓ என்று முடியும், மேக்கில் .டைலிப்.

எஸ்ஓ என்பதன் விரிவு ஷேர்ட் ஆப்ஜெக்ட், பகிரப்படும் பொருள். பகிர்வு என்பதை அந்தப் பெயர் நேராகவே சொல்லிவிடுகிறது. தமிழில் டிஎல்எல்லை 'இயங்குநிலை இணைப்பு நூலகம்' என்று எழுதுவதுண்டு. தப்பில்லை, ஆனால் இயங்குநிலை என்று கேட்கும் பிள்ளைக்கு ஏதோ அசைகிறது என்றுதான் தோன்றும். எப்போது இணைகிறது என்பதைச் சொல்ல 'இயங்குநேர இணைப்பு நூலகம்' இன்னும் சரி. 'பொது நூலகம்' என்றால் ஹட்டனிலோ பதுளையிலோ நாம் பேப்பர் படிக்கப் போகிற இடம் ஆகிவிடும். ஆகவே அன்றாடப் பேச்சுக்கும் வகுப்புக்கும் நான் எடுப்பது 'பகிர்நூலகம்', கோப்பைக் குறிக்கும்போது 'பகிர்நூலகக் கோப்பு'. மற்றவர்களும் எடுக்கிற பீலி என்று பெயரிலேயே தெரிந்தால் அழிக்கும் முன் கை கொஞ்சம் தயங்கும்.

தம்பியின் மென்பொருள்களைத் திரும்ப நிறுவினோம். ஒன்று மட்டும் எம்எஸ்விசிபி140 இல்லை என்று அடம்பிடித்தது. தனி டிஎல்எல் தரும் தளங்கள் இணையத்தில் நிறைய உண்டு, அங்கே போகவே வேண்டாம் என்று சொன்னேன், உள்ளே என்ன வைத்திருக்கிறார்கள் என்று யாருக்குத் தெரியும். மைக்ரோசாப்ட் இலவசமாகத் தரும் விஷுவல் சி பிளஸ் பிளஸ் தொகுப்பை இறக்கி நிறுவியதும் திறந்துவிட்டது. அப்புறம் அவனே கேட்டான், "அப்ப இந்தப் பகிர்நூலகம் எல்லாத்தையும் ஒரு கொப்பியில எழுதி வைக்கவா அண்ணே?"