கரை ஒதுங்கும் ராக்கெட் பாகங்கள்: கடலோர மக்கள் அறிய வேண்டியவை

ராக்கெட்டின் திரவ எரிபொருள் நிலைகளில் (ஒன்றன் மேல் ஒன்றாக அடுக்கிய பகுதிகளை ‘நிலைகள்’ என்போம்) இருபது ஆண்டுகளுக்கும் மேலாக வேலை பார்த்து ஓய்வு பெற்ற நான், இப்போது திருச்செந்தூர் வட்டாரப் பள்ளிகளில் ராக்கெட் அறிவியலைப் பற்றிப் பேசி வருகிறேன். ஒருமுறை, ஊதிய பலூனைப் பறக்கவிட்டு உந்துவிசையை விளக்கி முடித்ததும், எட்டாம் வகுப்பு மாணவி ஒருத்தி எழுந்து, "சார், ராக்கெட் துண்டு எங்க அப்பா வலையில மாட்டுனா என்ன செய்யணும்?" என்று கேட்டாள். அவ்வளவு நேரம் பேசிய என்னிடம் அதற்கு ஆயத்தமான பதில் இல்லாதது என்னை வெகுவாக உறுத்தியது.

அவள் கேள்விக்குக் காரணம் இருக்கிறது. 2024 பிப்ரவரி 28 அன்று, திருச்செந்தூருக்கு அருகே உள்ள குலசேகரன்பட்டினத்தில் நாட்டின் இரண்டாவது ஏவுதளத்துக்கு அடிக்கல் நாட்டப்பட்டது. முதல் ஏவுதளமான ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து, பூமியின் துருவங்களுக்கு மேலாகச் சுற்றும் துருவப் பாதைக்குச் செல்லும் ராக்கெட், இலங்கையின் மேல் பறக்கக் கூடாது என்பதற்காக முதலில் தென்கிழக்கே போய், பிறகு தெற்கே திரும்புகிறது. அந்தத் திருப்பத்துக்குச் செலவாகும் எரிபொருளை 320 டன் எடையுள்ள பி.எஸ்.எல்.வி. ராக்கெட் தாங்கிக்கொள்ளும், 120 டன் எடையுள்ள சிறிய ராக்கெட்டான எஸ்.எஸ்.எல்.வி.க்கு அது பெரும் இழப்பு. குலசேகரன்பட்டினத்துக்கு நேர் தெற்கே விரிந்த கடல் என்பதால் அங்கே இந்தச் சுற்று தேவையில்லை.

எரிந்து முடிந்த கீழ்நிலைகள் கடலில் விழுகின்றன. அவை விழும் பகுதியைக் கணித்து, ஏவும் நாளில் படகுகளும் விமானங்களும் அங்கே செல்லாதபடி முன்னறிவிப்பு தரப்படுகிறது. அந்த அறிவிப்பை மீனவர்கள் கட்டாயம் மதிக்க வேண்டும். பெரும்பாலான பாகங்கள் மூழ்கிவிட்டாலும், சில மிதந்து வெகுதூரம் போகும். 2023 ஜூலையில் மேற்கு ஆஸ்திரேலியாவின் கிரீன் ஹெட் கடற்கரையில் கொட்டலசு எனும் சிறு ஓட்டுயிரிகள் படிந்த பெரிய உருளை ஒன்று ஒதுங்கியது, அது பி.எஸ்.எல்.வி.யின் மூன்றாம் நிலையின் பகுதி என்று அந்நாட்டு விண்வெளி அமைப்பு பின்னர் உறுதி செய்தது. என்னவென்று தெரியாத நிலையில், மக்களை விலகியிருக்கச் சொல்லிக் காவல்துறை அதற்குக் காவல் நின்றது. அதுதான் சரியான நடைமுறை.

இதை நான் அழுத்திச் சொல்வது அனுபவத்தால். திட எரிபொருள் நிலை எரிந்து முடிந்தால் உள்ளே மிஞ்சுவது குறைவு. திரவ நிலைகளின் கதை வேறு. பி.எஸ்.எல்.வி.யின் இரண்டாம் நிலையில் ஹைட்ரசீன் வகை எரிபொருளும் அதை எரிக்க உதவும் நைட்ரஜன் டெட்ராக்சைடும் உள்ளன. தீப்பொறியே இல்லாமல், ஒன்றையொன்று தொட்டாலே பற்றிக்கொள்ளும். முன்னது நாசியைத் துளைக்கும் மீன் கவிச்சியும் அம்மோனியா வாடையும் கலந்த நச்சு. பின்னது கசிந்தால் செம்பழுப்புப் புகையாக எழும். உடல் முழுவதும் மூடிய உடையும் தனிச் சுவாசக் காற்றும் இல்லாமல் நாங்கள் அவற்றை நெருங்கியதே இல்லை. வெறும் கையோடு கடற்கரையில் நிற்பவருக்கு அந்தப் பாதுகாப்பு ஏது? மிதக்கும் தொட்டியில் எது மிஞ்சியிருக்கிறது என்பதைப் பார்வையால் சொல்ல முடியாது.

ஆகவே அறியாத உலோகத் தொட்டியோ உருளையோ கண்ணில் பட்டால் தொடக் கூடாது, இழுக்கக் கூடாது, பழைய இரும்புக்கு விற்க உடைக்கவே கூடாது. காற்று வரும் பக்கமாக விலகி நின்று, மற்றவர்களையும் விலக்கிவிட்டு, இடத்தைக் குறித்துக்கொண்டு கடலோரப் பாதுகாப்புக் குழுமத்துக்கு 1093 என்ற எண்ணில் சொல்ல வேண்டும். வலையில் சிக்கினால், வலை போகட்டும், அறுத்துவிட வேண்டும். ஒரு வலையின் விலை எனக்குத் தெரிந்தே இதைச் சொல்கிறேன்.

அடுத்த முறை அந்தப் பள்ளிக்குப் போனபோது, பலூனை எடுப்பதற்கு முன்பே அந்த எண்ணைக் கரும்பலகையில் எழுதினேன். அந்த மாணவி அதை நோட்டில் எழுதவில்லை. அப்பாவின் போனில் ஏற்றுவதற்காக உள்ளங்கையில் எழுதிக்கொண்டாள்.