அகதியா, ஏதிலியா, பஞ்சம் பிழைக்க வந்தவரா?

வறட்சி, கடல், புயல் என்று சூழல் விரட்டி ஊரை விட்டு வருகிறவரை எந்தச் சொல்லால் அழைப்பது? 'அகதி' வடசொல். கதி என்றால் போக்கு, புகல். அது இல்லாதவர் அகதி. கோபத்தில் 'கதியத்ததுகள்' என்று திட்டுகிறோமே, அதுவும் இந்தக் கதிதான்.

தனித்தமிழில் 'ஏதிலி' என்பார்கள். எனக்கு அதில் ஒரு நெருடல். "ஏதிலார் குற்றம்போல்" என்னும் குறளில் (190) ஏதிலார் என்பவர் அயலார். 2004 டிசம்பரில் சுனாமிக்கு ஓடிவந்து பள்ளிக்கூட வாங்குகளில் படுத்துக் கிடந்த கிண்ணியாச் சனத்தைத் திருகோணமலையில் யார் அயலார் என்பது?

சட்டத்தில் 'அகதி'யின் பொருள் இன்னும் குறுகியது. அகதிகள் பற்றிய 1951ஆம் ஆண்டு ஐ.நா. சமவாயப்படி (நாடுகளின் உடன்படிக்கை) இனம், மதம், நாட்டினம், சமூகக்குழு, அரசியல் கருத்து ஆகியவற்றால் துன்புறுத்தலுக்கு அஞ்சி நாட்டுக்கு வெளியே நிற்பவரே அகதி. வறட்சியும் கடனும் அந்தப் பட்டியலில் இல்லை. நாட்டுக்குள்ளேயே இடம் மாறினால் 'இடம்பெயர்ந்தோர்', 1998இன் ஐ.நா. வழிகாட்டிக் கோட்பாடுகள் இவர்கள் விஷயத்தில் இயற்கை அனர்த்தத்தையும் காரணமாக ஏற்கின்றன. கடல் கடந்தவரை 'புலம்பெயர்ந்தோர்' என்கிறோம். பட்டினப்பாலையின் "புலம்பெயர் மாக்கள்" பூம்புகாரில் கலந்து இனிது உறைந்தவர்கள். அந்தச் சொல்லில் அழுகை இல்லை.

எங்கள் ஊர்ப் பேச்சு இந்தப் பிரிவுகளைக் கண்டுகொள்வதில்லை. 'சண்டைக்கு ஓடினது', 'சுனாமிக்கு ஓடினது' என்று ஒரு 'கு' உருபிலேயே காரணம் ஒட்டிவிடும். முகாமில் கொடுத்த படிவத்தில் 'இடம்பெயர்ந்த காரணம்' என்ற கட்டத்தில் மாமி 'கடல்' என்று மட்டும் எழுதினா. பதிந்த பெடியன் அதை அடித்துவிட்டு 'இயற்கை அனர்த்தம்' என்று திருத்தினான்.

மழை பொய்த்து, வயல் காய்ந்து, கடன் ஏறி ஊரை விடுவதற்கு நம்மிடம் பழைய தொடர் ஒன்று இருக்கிறது: பஞ்சம் பிழைக்கப் போதல். 1876இல் தொடங்கிய தாது வருடப் பஞ்சத்தில் தமிழ்நாட்டிலிருந்து இலங்கைத் தோட்டங்களுக்கு வந்தவர்களுக்கும் இதுதான் பேர். சூழல் வேறு, பொருளாதாரம் வேறு என்று அது பிரிப்பதில்லை; வானம் பொய்த்தால் அடுப்பும் அணையும் என்பது அதற்குத் தெரியும்.

தென்மேற்குக் காற்று வீசும் சோளகக் காலத்தில் நீர்கொழும்பிலிருந்து வந்து எங்கள் திருகோணமலைக் கரையில் வாடி (தற்காலிகக் குடில்) அடிக்கும் மீனவர் இதில் சேரமாட்டார்கள். அவர்கள் காற்று மாறியதும் திரும்புகிறவர்கள்.

அறிக்கைக்கு 'சூழல்சார் இடம்பெயர்வு' போதும். 'சூழல் அகதி' என்று எழுதினால் சட்டத்தில் இல்லாத உரிமை இருப்பதுபோல் தோன்றும். ஆளைப் பற்றி எழுதும்போது நான் 'பஞ்சம் பிழைக்க வந்தவர்' என்றே எழுதுகிறேன்.