தோட்டத்துச் சங்கத்தைப் பதிவு செய்யப் போகிறீர்களா?

மலேசியாவில், பேராக் மாநிலத்துச் சுங்கை சிப்புட் பக்கம் தோட்டம் தோட்டமாக வேலை செய்த ஒரு கட்சி, அரசாங்கக் கணக்கில் பத்து வருடம் இல்லாமலே இருந்தது. 1998-இல் தொடங்கிய மலேசிய சோசலிசக் கட்சிக்கு, அதாவது பி.எஸ்.எம்-முக்கு, 2008-இல்தான் பதிவு கிடைத்தது. அதுவரை மறுத்ததற்கு, தேசியப் பாதுகாப்புக்கு மிரட்டல் என்று காரணம் சொன்னார்கள். வீடு, மாதச் சம்பளம் என்று பேசியவர்களால் நாட்டுக்கு என்ன ஆபத்து என்று கட்சி நீதிமன்றம் வரை போனது. பதிவு இல்லாததால் சொந்தச் சின்னமும் இல்லை. அந்தக் கட்சியின் டாக்டர் ஜெயக்குமார் சுங்கை சிப்புட் தொகுதியில் 1999-இல் ஜனநாயக செயல் கட்சியின் (ஜ.செ.க.) சின்னத்தில் நின்றார். 2008-இல் கெஅடிலான் கட்சியின் சின்னத்தில் நின்று, 1974 முதல் தொகுதியைக் கையில் வைத்திருந்த மலேசிய இந்தியர் காங்கிரஸ் தலைவர் சாமிவேலுவைத் தோற்கடித்தார். கட்சிக்குப் பதிவு வந்ததும் அதே ஆண்டில்தான்.

அது கட்சி, நம் கோவில் கமிட்டிக்கும் இளைஞர் மன்றத்துக்கும் என்ன வந்தது என்று நினைக்காதீர்கள். எல்லாருக்கும் ஒரே சட்டம்தான், 1966-ஆம் ஆண்டின் சங்கங்கள் சட்டம். 7 பேரோ அதற்கு மேலோ ஒரு நோக்கத்துக்காகச் சேர்ந்தால் அது சங்கம். சங்கப் பதிவிலாகாவில் பதிய வேண்டும். பதியாமல் நடத்தினால் சட்டவிரோதச் சங்கம் என்று சொல்ல இடமுண்டு. நடத்துபவருக்குச் சிறைத் தண்டனை வரைக்கும் போகலாம்.

முதலில் ஒன்றைத் தெளிவாக்கிக்கொள்ளுங்கள்: நீங்கள் செய்யப்போகும் காரியத்துக்குச் சங்கமே உண்மையில் தேவையா? சம்பள பாக்கி, ஆட்குறைப்பு இழப்பீடு என்று கேட்கப் போகிறவர்களிடம், "நீங்கள் யார், உங்கள் சங்கத்தின் பதிவுச் சான்றிதழ் எங்கே?" என்று நிர்வாகம் கேட்கும். சில நேரம் அதிகாரிகளே கேட்பார்கள். பயந்துபோய் திரும்பி வந்தவர்களைப் பார்த்திருக்கிறேன். அந்தக் கேள்விக்கு நீங்கள் பதில் சொல்லவே வேண்டியதில்லை. லேபர் ஆபிஸில் ஒரு தொழிலாளி தனி ஆளாகவே புகார் கொடுக்கலாம். கட்டணமும் இல்லை, வழக்கறிஞர் வைத்தாக வேண்டும் என்பதும் இல்லை. சான்றிதழ் வரட்டும் என்று புகாரைத் தள்ளிப்போட்டால் லாபம் முதலாளிக்குத்தான்.

பணம் வசூலிக்க வேண்டும், சங்கத்தின் பெயரில் வங்கிக் கணக்கு வேண்டும், வருடா வருடம் நிகழ்ச்சி நடத்த வேண்டும் என்றால் சங்கமும் தேவை, பதிவும் தேவை. சரி, இனி குழிகளைப் பார்ப்போம்.

சங்கத்தின் சட்டவிதியில் நோக்கம் எழுதும் இடத்தில் நிறைய பேர் ஆசையை எல்லாம் கொட்டிவிடுகிறார்கள். "தொழிலாளர்களின் சம்பளத்துக்காக நிர்வாகத்துடன் பேச்சு நடத்துவது" என்று ஒரு வரி போதும், விண்ணப்பம் சிக்கிக்கொள்ள. அது தொழிற்சங்கத்தின் வேலை. அதற்கு 1959-ஆம் ஆண்டின் தொழிற்சங்கச் சட்டம், வேறு இலாகா. தேர்தலில் வேட்பாளர் நிறுத்துவது பற்றி எழுதினால் நீங்கள் அரசியல் கட்சி ஆகிவிடுவீர்கள். கல்வி, சமூக நலன், விளையாட்டு, சமயம் என்று உண்மையில் செய்யப்போவதை மட்டும் எழுதுங்கள். மலாயில் எழுத வேண்டும். பதிவிலாகாவின் மாதிரி விதிகளையே எடுத்துக்கொள்வது நல்லது. பக்கத்து ஊர்ச் சங்கத்தின் விதியை நகல் எடுத்தால் அவர்கள் ஊர்ப் பெயரும் சேர்ந்தே வந்துவிடும். பெயரில் "மலேசியா", "தேசிய" போன்ற பெரிய சொற்கள் வேண்டாம். தோட்டத்துப் பெயரோ ஊர்ப் பெயரோ போதும்.

எல்லாவற்றிலும் மோசமான குழி விலாசம். தலைவரின் வீட்டு விலாசத்தைக் கொடுப்பார்கள். அந்த வீடு கம்பெனியின் வீடு. விலாசத்தைப் பயன்படுத்த வீட்டுச் சொந்தக்காரரின் சம்மதக் கடிதம் கேட்டால், தோட்ட நிர்வாகம் சங்கத்துக்குக் கையெழுத்துப் போட்டுத் தருமா? தந்தாலும் பிரச்சினை தீராது. தலைவர் ஓய்வு பெறுவார், வீட்டைக் காலி செய்வார், தாமானுக்கோ (குடியிருப்புப் பகுதிக்கோ) மகன் வீட்டுக்கோ போவார். பதிவிலாகாவின் கடிதம் மட்டும் பழைய லயத்து வீட்டுக்கே வந்துகொண்டிருக்கும், அதைத் தோட்டத்துக் கணக்கர், அதாவது கிராணி, ஏதோ ஒரு மூலையில் போட்டுவிடுவார். விளக்கம் கேட்டு வந்த கடிதத்துக்குப் பதில் இல்லை என்றால் அடுத்த கடிதம் ரத்துக் கடிதம்தான். ஆகவே தோட்டத்துக்கு வெளியே, சொந்த வீடு உள்ள ஓர் உறுப்பினரின் விலாசத்தைக் கொடுங்கள். விலாசம் மாறினால் உடனே முறைப்படி விண்ணப்பித்து மாற்றுங்கள். கவுன்டரில் வாயால் சொல்லிவிட்டு வந்தால் யாரும் குறித்து வைக்கமாட்டார்கள்.

இப்போது விண்ணப்பம் எல்லாம் இ-ரோசஸ் என்ற இணையத் தளத்தில். அலைச்சல் குறையும் என்றார்கள். குறைந்ததோ இல்லையோ, புதுத் தலைவலி ஒன்று வந்திருக்கிறது. கணினி தெரிந்த ஒரு தம்பி தன் மின்னஞ்சலில் கணக்குத் திறப்பார். அப்புறம் வேலை கிடைத்து கோலாலம்பூர் போய்விடுவார். கடவுச்சொல் அவரோடு போய்விடும். சங்கத்துக்கென்று தனி மின்னஞ்சல் வைத்து, கடவுச்சொல்லை இரண்டு பேருக்காவது தெரியப்படுத்துங்கள். அனுப்பிய ஒவ்வொன்றுக்கும் அத்தாட்சியை அச்செடுத்து ஒரு ஃபைலில் போடுங்கள். "எங்களுக்கு வரவே இல்லை" என்று பதிவிலாகா சொன்னால் எடுத்துக் காட்ட அது ஒன்றுதான் இருக்கும்.

நிராகரித்தால் முடிவுத் தேதியிலிருந்து 30 நாட்களுக்குள் மேல்முறையீடு செய்ய வேண்டும். யாரிடம்? உள்துறை அமைச்சரிடம். பதிவிலாகா இருப்பதும் அதே அமைச்சின் கீழ்தான், பி.எஸ்.எம். எப்படி அலைந்திருக்கும் என்று இதிலேயே தெரிகிறது. கடிதம் உங்கள் கைக்கு வந்த நாளை வைத்துக் கணக்குப் போடாதீர்கள், கடிதத்தில் உள்ள தேதியைப் பாருங்கள். நமக்கு 30 நாள் தாண்டினால் கதவு மூடிக்கொள்ளும். அவர்கள் ஒரு கட்சியைப் பத்து வருடம் இழுத்தடித்தாலும் கேட்பாரில்லை.

பதிவு கிடைத்ததும் சான்றிதழைச் சட்டம் போட்டு மாட்டிவிட்டு மறந்துவிடுவதுதான் வழக்கம். சங்கங்கள் சாவது இங்கேதான். ஆண்டுக் கூட்டம் நடந்த 60 நாட்களுக்குள் ஆண்டறிக்கை போக வேண்டும்: கூட்டக் குறிப்பு, நிர்வாகிகள் பட்டியல், வரவு செலவுக் கணக்கு. கூட்டமே நடக்கவில்லை என்றாலும் அறிக்கை உண்டு, ஆண்டு முடிந்த 60 நாட்களுக்குள். சண்டை போட்டு இரண்டு அணியாகி, இரண்டு அணியும் தனித்தனியாக அறிக்கை அனுப்பினால் இரண்டுமே முடங்கிப்போகும். உட்பூசலைக் காரணம் காட்டியே பதிவை ரத்து செய்யச் சட்டத்தில் வழி இருக்கிறது. ரத்தானால் சங்கத்தின் சொத்து திவால் இலாகாவின் பொறுப்புக்குப் போய்விடும். திருவிழாவுக்கு ரிங்கிட் ரிங்கிட்டாகச் சேர்த்த பணமும் அதில் அடங்கும்.

கோவில் கமிட்டிகளுக்குத் தனியாக ஒன்று. சங்கத்தைப் பதிந்துவிட்டோம், இனி கோவிலை யாரும் தொடமுடியாது என்று நம்பி இருக்கிறவர்கள் பலர். பதிவு என்பது ஆட்களுக்கு; மண்ணுக்கு அல்ல. தோட்டம் கைமாறும்போது புது முதலாளி நிலப் பட்டாவைத்தான் நீட்டுவார். நிலம் பற்றி மாவட்ட நில அலுவலகத்துக்கும் தோட்ட நிர்வாகத்துக்கும் தனியாக எழுத்தில் கொடுத்து, பெற்றுக்கொண்டதாக முத்திரை வாங்கி வையுங்கள். தோட்டம் விற்பனைக்கு வருகிறது என்ற பேச்சு காதில் விழும்போதே இதைச் செய்ய வேண்டும், விற்ற பிறகு அல்ல.

ஏற்கெனவே ரத்துக் கடிதம் வந்துவிட்டதா? வங்கியிலிருந்து பணத்தை அவசரமாக எடுத்து ஒருவர் வீட்டில் வைத்துவிடாதீர்கள். பிறகு அந்த ஒருவர் தலையில்தான் வழக்கு விழும். அதற்கும் 30 நாள் மேல்முறையீடு உண்டு. விடுபட்ட ஆண்டறிக்கைகளை எல்லாம் தயார் செய்து, மேல்முறையீட்டுக் கடிதத்தோடு இணைத்தே அனுப்புங்கள்.