தவணை வேண்டுமா? தீர்ப்புக்கு முன்பே கேளுங்கள்

சம்மனை வாங்காமல் திருப்பி அனுப்பிவிட்டால் வழக்கு நின்றுவிடும் என்று நம்புகிறவர்கள் இன்றைக்கும் என்னிடம் வருகிறார்கள். வருவதும் ஜப்தி நோட்டீஸ் கைக்குக் கிடைத்த பிறகுதான். கடன் வாங்கியது உண்மை, கட்ட வழியில்லை, கோர்ட்டில் போய் எதைச் சொல்வது என்ற கூச்சம் அவர்களுக்கு. அந்தக் கூச்சத்தால் பறிபோவது, தவணை கேட்கும் வாய்ப்பு.

சிவில் நடைமுறைச் சட்டத்தின் ஆணை 20, விதி 11 இதற்கானது. பணம் கட்டச் சொல்லித் தீர்ப்பளிக்கும் நீதிமன்றம், தக்க காரணம் இருந்தால், தவணையாகக் கட்டலாம் என்று தீர்ப்பிலேயே எழுதலாம். கடன் பத்திரத்தில் என்ன எழுதியிருந்தாலும் இந்த அதிகாரம் உண்டு. கடன் கொடுத்தவர் எதிர்க்கலாம். ஆனால் அவர் சம்மதம் கட்டாயமில்லை. தீர்ப்பு வந்துவிட்டால் நிலைமை தலைகீழ். அதன்பின் அதே விதிப்படி தவணை கிடைக்க அவர் சம்மதித்தே ஆக வேண்டும். டிகிரியை, அதாவது நீதிமன்றத்தின் தீர்ப்பாணையைக் கையில் வைத்திருப்பவர் எதற்காக இறங்கி வருவார்?

ஆஜராகாமல் எக்ஸ்பார்ட்டி ஆகிவிட்டால், அதாவது நீங்கள் இல்லாமலேயே தீர்ப்பு வந்துவிட்டால், அதை ரத்து செய்யச் சொல்லி மனுப் போட 30 நாள்தான். சம்மன் உங்களிடம் முறையாகச் சேர்ப்பிக்கப்படவில்லை என்றால், டிகிரி பற்றித் தெரிந்த நாளிலிருந்து அந்த 30 நாளை எண்ணலாம். வேண்டுமென்றே வாங்க மறுத்தவருக்கு இந்தச் சலுகை எடுபடாது.

தக்க காரணம் என்பதைக் காகிதத்தில் காட்ட வேண்டும்: சம்பளச் சீட்டு, மருத்துவச் செலவு ரசீது, வேலை போனதற்கான கடிதம். கூடவே முதலில் ஒரு தொகையைக் கட்டத் தயார் என்று சொல்லுங்கள். கேட்கும் தவணையும் நம்பும்படி இருக்க வேண்டும். 5 லட்சம் கடனுக்கு மாதம் 500 ரூபாய் என்றால் முடிய 83 ஆண்டாகும். அப்படியும் கேட்டு வருகிறார்கள்!

உத்தரவு கிடைத்ததும் அதன் கடைசி வரிகளைப் படியுங்கள். ஒரு தவணை தவறினாலும் மீதி முழுவதையும் ஒரேயடியாக வசூலிக்கலாம் என்ற நிபந்தனை பெரும்பாலும் அங்கேதான் இருக்கும்.

இன்னொன்று, வாதியின் கையில் ரொக்கமாகக் கொடுக்காதீர்கள். வெளியே கொடுத்த பணத்தை நீதிமன்றத்தில் பதிவு செய்யாவிட்டால், டிகிரிப்படி வசூலிக்க வாதி போடும் நிறைவேற்று மனு விசாரணையில் அது கணக்கில் வராது. வாதியே தெரிவிக்காவிட்டால், நீங்கள் 30 நாளுக்குள் மனுப் போட வேண்டும். நீதிமன்றத்திலேயே கட்டுவது உத்தமம். இல்லையென்றால் வங்கி வழியாக அனுப்பி, அந்த ஆதாரத்தை வைத்துக்கொள்ளுங்கள்.

சிறைப் பயம் பலருக்கு. வசதியிருந்தும் ஏமாற்றுகிறவரைத்தான் சட்டம் சிறைக்கு அனுப்புகிறது. வெறும் வறுமைக்காக அனுப்பக் கூடாது என்று 1980-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

வீட்டை வங்கியில் அடமானம் வைத்த கடன் வேறு கணக்கு. 2002-ம் ஆண்டு சர்ஃபாசி சட்டப்படி வங்கி 60 நாள் நோட்டீஸ் கொடுத்துவிட்டு, சிவில் வழக்கே போடாமல் நடவடிக்கையில் இறங்கலாம். அங்கே இந்தத் தவணை விதியை நம்பி உட்கார்ந்திருக்காமல், அந்த 60 நாளுக்குள் வங்கியோடு எழுத்துப்பூர்வமாகப் பேசத் தொடங்குங்கள்.