சிட்டிகை மஞ்சளும் மஞ்சள் மாத்திரையும்

ஆரத்தி கரைக்கும்போது கவனித்திருப்பீர்கள். மஞ்சள் தண்ணீரில் துளி சுண்ணாம்பு விழுந்ததும் தட்டு முழுக்கச் சிவந்துவிடும். மஞ்சளுக்கு நிறம் கொடுக்கும் குர்குமின் என்ற பொருள், சுண்ணாம்பின் காரத்தன்மை பட்டதும் இப்படி நிறம் மாறுகிறது. மஞ்சளின் மருத்துவக் குணம் என்று நாம் பேசுவதில் பெரும்பங்கு இந்தக் குர்குமினைப் பற்றியதுதான்.

மஞ்சள் தூளில் அது எவ்வளவு இருக்கும்? எடையில் சுமார் 3 சதவீதம். நாலு பேருக்கான சாம்பாரில் கால் டீஸ்பூன் மஞ்சள் போட்டால், ஆளுக்கு ஐந்தாறு மில்லிகிராம் குர்குமின் வரும். அதுவும் உடலில் எளிதில் சேராது. குர்குமின் தண்ணீரில் கரையாது, எண்ணெயில்தான் கரையும். குடலைத் தாண்டி உள்ளே போகும் கொஞ்சத்தையும், குடல் சுவரும் கல்லீரலும் வேறு மூலக்கூறு ஒன்றைக் கோத்து வெளியேற்றிவிடும். சோதனைக் குழாயில் குர்குமின் புற்றுநோய்ச் செல்களைக் கொன்றது என்ற செய்தியைப் படிக்கும்போது இதை நினைத்துக்கொள்ளுங்கள். அந்தக் குழாயில் ஊற்றிய அளவு நம் ரத்தத்துக்கு வந்து சேருவதே இல்லை.

இந்தத் தடையை உடைக்கும் வழி ஒன்று 1998-இல் பெங்களூரில் தெரியவந்தது. செயின்ட் ஜான்ஸ் மருத்துவக் கல்லூரி ஆய்வாளர்கள் 2 கிராம் குர்குமினோடு 20 மில்லிகிராம் பைப்பரினைச் சேர்த்துக் கொடுத்தார்கள். பைப்பரின் என்பது மிளகின் காரச் சத்து. ரத்தத்தில் சேர்ந்த குர்குமின் சுமார் 20 மடங்கு கூடியது. குர்குமினை வெளியேற்றும் நொதிகளைப் பைப்பரின் மந்தமாக்கியதுதான் காரணம். அப்புறம் கடைகளில் மஞ்சளும் மிளகுச் சாறும் சேர்ந்த மாத்திரைகள் குவியத் தொடங்கின.

ரசத்திலும்தான் மஞ்சளும் மிளகும் இருக்கின்றன என்று கேட்கலாம். அரை கிராம் மிளகிலேயே 20 மில்லிகிராம் பைப்பரின் கிடைத்துவிடும், அது உண்மை. ஆனால் 2 கிராம் குர்குமினுக்கு 60 கிராமுக்கு மேல் மஞ்சள் தூள் வேண்டும். அதை ஒரே நாளில் யார் சாப்பிடுவார்கள்? மாத்திரை அதைச் சாத்தியமாக்குகிறது. மூட்டுத் தேய்மான வலிக்கு இத்தகைய செறிவூட்டிய மாத்திரைகள் ஓரளவு உதவுவதாகச் சில ஆய்வுகள் காட்டியிருக்கின்றன. அதை நான் மறுக்கவில்லை.

ஆனால் குர்குமினை வெளியேற்றும் வேலையைச் செய்யும் கல்லீரல்தான் நாம் விழுங்கும் மற்ற மருந்துகளையும் வெளியேற்றுகிறது. அங்கே பைப்பரின் குறுக்கிடும்போது வலிப்புக்குத் தரும் ஃபெனிடாயின், இதயத்துக்குத் தரும் புரோப்ரனலால் போன்றவற்றின் அளவும் ரத்தத்தில் ஏறுகிறது. ரத்தம் உறையாமலிருக்க மருந்து எடுப்பவர்களும், சிறுநீரகக் கல் வந்தவர்களும் டாக்டரைக் கேட்காமல் மஞ்சள் மாத்திரையைத் தொடவே கூடாது. மாத்திரையால் கல்லீரல் நேரடியாகக் கெட்டதும் உண்டு. அமெரிக்காவில் அப்படி ஆராயப்பட்ட 10 பேரில் 7 பேரிடம் ஒரே வகை மரபணுக்கூறு இருந்தது. ஒருவர் இறந்துபோனார். அந்த மரபணு தனக்கு இருக்கிறதா என்று யாரும் சோதித்துவிட்டு மாத்திரை வாங்குவதில்லை. 2023-இல் ஆஸ்திரேலிய மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பும் இந்த மாத்திரைகள் குறித்து எச்சரித்தது.

சரி, அப்படியானால் சமையல் மஞ்சளில் பயமே இல்லையா? மஞ்சளால் பயமில்லை. மஞ்சள் போல நடிக்கும் நிறத்தால் இருக்கிறது. தோண்டிய மஞ்சளை வேகவைத்து, வெயிலில் காயப்போட்டு, டிரம்மில் சுழற்றி மெருகேற்றுவார்கள். பங்களாதேஷில் 1980-களில் வெள்ளத்தில் நனைந்து மங்கிப்போன மஞ்சளைப் பளிச்சென்று காட்ட, சிலர் இந்தக் கட்டத்தில் லெட் குரோமேட் சாயத்தைத் தூவத் தொடங்கினார்கள். அதிலிருப்பது ஈயம். குழந்தையின் மூளை வளர்ச்சியையே அது பாதிக்கும், எத்தனை நேரம் கொதிக்கவைத்தாலும் போகாது. அங்கே 2019-இல் சந்தை மஞ்சள் மாதிரிகளில் 47 சதவீதத்தில் ஈயம் தென்பட்டது. ஆய்வாளர்கள் உண்மையை வெளியே கொண்டுவந்தார்கள், அரசு சோதனை நடத்தி அபராதம் போட்டது, வியாபாரிகளுக்கும் மக்களுக்கும் விஷயம் போய்ச் சேர்ந்தது. 2021-இல் எடுத்த மாதிரிகளில் ஈயம் இல்லை. இரண்டே வருடம்! கலப்படத்தை ஒழிக்கவே முடியாது என்று சொல்பவர்களிடம் நான் இதைத்தான் எடுத்துச் சொல்வேன்.

நம் ஊரிலும் பளபளப்புக்குத்தான் மவுசு அதிகம். ஆனால் நல்ல விரலி மஞ்சளின் தோல் மங்கலாக, கொஞ்சம் பழுப்பாகத்தான் இருக்கும். உடைத்தால் உள்ளே ஆழ்ந்த ஆரஞ்சு. வெளிப்புறம் உள்பக்கத்தைவிடப் பளீரென்று இருந்து, தேய்த்தால் விரலில் மஞ்சள் பொடி ஒட்டினால் நான் அந்தப் பையைத் திருப்பி வைத்துவிடுவேன். இது சந்தேகத்துக்கான அடையாளம்தான், உறுதி சொல்ல ஆய்வகம் வேண்டும். பொடியாக்கிவிட்டால் இந்த அடையாளமும் கிடைக்காது. அதனால் எங்கள் வீட்டில் மங்கலான விரலியாகப் பார்த்து வாங்கி, இரண்டு நாள் வெயிலில் காயவைத்து, மில்லில் கொடுத்து அரைத்துக்கொள்கிறோம்.